கழிமுனை

ஜனவரி 9

மருமகளுக்கு,

நலம் விசாரிக்கும் வழக்கம் நமக்குள் இல்லை. நேராக விஷயத்துக்கு வருகிறேன்.

என் மகன் இறந்து ஒரு மாதம்கூட முழுசாக ஆகவில்லை. அதற்குள் வீட்டைக் காலி செய்து, சாவியை எதிர்வீட்டில் கொடுத்துவிட்டு, உன் அக்கா ஊருக்கு ரயில் ஏறிவிட்டாய். அவன் சட்டைகள் அத்தனையையும் மூட்டை கட்டி எடுத்துப் போயிருக்கிறாய். எனக்கென்று நீ விட்டுவைத்தது ஒரு குடை. அதிலும் ஒரு கம்பி உடைந்திருக்கிறது.

அவன் வேலை பார்த்த லிஃப்ட் கம்பெனியிலிருந்து ஒருவர் வந்து போனார். அன்று காலையிலேயே அவன் நெஞ்சைத் தடவிக்கொண்டுதான் வேலைக்கு வந்தானாம். "ஏம்மா, வீட்ல யாரும் கவனிக்கலையா?" என்று என்னைக் கேட்கிறார். நான் என்ன சொல்ல? வீட்டில் இருந்தவள் நீ. பக்கத்து ஊரில் இருந்த கிழவிக்கு என்ன தெரியும்?

நீங்கள் குடியிருந்த அந்த இரண்டு அறைக்கு எத்தனையோ முறை வந்திருக்கிறேன். ஒரு முறையாவது அவன் சிரித்து நான் பார்த்ததில்லை. கல்யாணத்துக்கு முன்னால் சிரித்த பிள்ளை.

கடைசிக் காலையில் எப்படி இருந்தான், என்ன செய்தான், என்ன பேசினான், ஒன்று விடாமல் எழுது. உன் கையாலேயே எழுது. அக்கா மகளை விட்டு டைப் அடித்து அனுப்பாதே. பெற்றவளுக்கு அந்த அளவாவது மரியாதை கொடு.

உன் மாமியார்


ஜனவரி 17

அத்தைக்கு,

அவை உங்கள் மகனின் சட்டைகள் அல்ல, என் சட்டைகள். ஆலையில் நாள் முழுக்க ஊருக்கெல்லாம் துணி வெட்டிவிட்டு, வீட்டுக்கு வந்து அவருக்கென்று தனியாக வெட்டித் தைத்தேன். கடையில் வாங்கும் சட்டை அவருக்குப் பொருந்தாது. காலர் பதினைந்தரை. இடது தோள் வலது தோளைவிட அரை அங்குலம் இறங்கியிருக்கும், கருவிப் பையை அந்தத் தோளிலேயே மாட்டி மாட்டி. பெற்றவளுக்கு அந்த அரை அங்குலம் தெரியுமா?

நெஞ்சுவலி பற்றி என்னிடம் அவர் மூச்சு விடவில்லை. சொல்லியிருந்தால் வாசலில் குறுக்கே படுத்திருப்பேன். அன்று காலை ஷேவ் செய்யும்போது வழக்கம்போலச் சீழ்க்கை அடித்தார். என்ன பாட்டு என்று அவருக்கே தெரியாது. நடுவில் ஓரிடத்தில் வெறும் காற்றுதான் வரும். அதைத் தாண்டிப்போய் மறுபடி பிடித்துக்கொள்வார். கன்னத்தில் நுரையோடு வந்து, "டீ ஆறிப்போச்சா, இல்ல நான்தான் ஆறிப்போயிட்டேனா?" என்றார். டீயை ஒரே மடக்கில் குடித்துவிட்டுக் கிளம்பினார். அவ்வளவுதான். சாயங்காலம் ஃபோன் வந்தது.

அவர் சிரித்ததில்லையா? விக்கல் மாதிரி இரண்டு முறை மூக்கால் சத்தம் வரும், உடனே உள்ளங்கையால் வாயை மூடிக்கொள்வார். நீங்கள் பார்த்திருக்க வாய்ப்பில்லை. நீங்கள் படியிறங்கிப் போன பிறகுதான் சிரிப்பார்.

குடையைச் சரிசெய்து வைத்துக்கொள்ளுங்கள். அது நான் வாங்கிக் கொடுத்தது.


பிப்ரவரி 2

மருமகளுக்கு,

என் மகன் சீழ்க்கை அடிக்க மாட்டான். நான் வளர்த்த பிள்ளை. தோளும் நேராகத்தான் இருந்தது. நீ கோணலாக வெட்டிவிட்டுப் பழியை அவன் தோள்மேல் போடுகிறாய்.

நான் முப்பது வருஷம் ஆஸ்பத்திரியில் நிகரெழுத்து எழுதியவள். கொதிகலன் அறையில் வீணாகும் சூட்டைக் கழித்துப் பிரசவ வார்டில் கூட்டியவள். செப்புத் தகட்டின் நடுவில் ஒரு கோடு, இந்தப் பக்கம் கழிமுனை, அந்தப் பக்கம் கூட்டுமுனை, எதை மாற்றுகிறோமோ அதன் குறி, குறிக்குக் கீழே அதன் அளவு எண். இரண்டு பக்கத்து எண்ணும் சமமாக நின்றால்தான் தகடு பிடிக்கும். ஓரிடத்தில் கழியாமல் இன்னோரிடத்தில் எதுவும் கூடாது. இது என் தொழில். அதனால் என் மகன் முகத்தில் வருஷாவருஷம் கூடிக்கொண்டே போன வாட்டம் யாரிடமிருந்து வந்தது என்று எனக்குத் தெரியும்.

நீ எழுதியதில் பாதி ஜோடனை. உண்மையாகவே ஆறு வருஷம் அவனோடு இருந்தவள் என்றால், அவன் எப்படித் தூங்குவான், எப்படிக் கூப்பிடுவான், பேப்பர் படிக்கும்போது என்ன செய்வான் என்றெல்லாம் எழுதியிருப்பாய். எழுத உன்னிடம் ஒன்றும் இல்லை. அதுதான் உண்மை.

உன் மாமியார்


பிப்ரவரி 11

அத்தைக்கு,

இல்லையா? படியுங்கள்.

சுவர்ப் பக்கம் திரும்பிப் படுப்பார். ஒரு கால் மட்டும் போர்வைக்கு வெளியே நீட்டியிருக்கும், மழைக்காலத்திலும். தூக்கத்தில் பல்லை நறநறவென்று கடிப்பார். தாடையில் என் கட்டைவிரலை வைத்து அழுத்தினால் நின்றுவிடும். காலையில் எழுந்து, "ராத்திரி எவனோ என் வாயைத் திருட வந்தான்" என்பார்.

பேப்பரை உரக்கப் படிப்பார், ஆனால் உள்ளது உள்ளபடி படிக்க மாட்டார். "நகராட்சித் தலைவர் நமது மூன்றாம் மாடி லிஃப்டில் நான்கு மணி நேரம் சிக்கி, மனம் திருந்தினார்" என்று குரலை மாற்றி வாசிப்பார். நான் நம்பிவிடுவேன். எத்தனை முறை ஏமாந்தாலும் அடுத்த முறையும் நம்புவேன்.

என்னை அவர் பெயர் சொல்லிக் கூப்பிட்டதே இல்லை. கத்திரி என்பார். "ஏ கத்திரி, கதவைத் திற." கீழிருந்து வரும்போதே குரல் கொடுப்பார், மூன்று மாடிக்கும் கேட்கும். கோபம் வந்தால் கத்திரிக்கோல். ரொம்பப் பிரியம் என்றால் வெறும் கத்தி.

போதுமா? இன்னும் இருக்கிறது. உங்களுக்குத் தர மனமில்லை.

சமீபமாக எனக்கு உடம்பு சரியில்லை போலிருக்கிறது. இங்கே புதிதாகச் சேர்ந்த ஆலையில் ஒரு பெண் தன் கணவனுக்குச் சட்டை தைக்க வேண்டும் என்று யோசனை கேட்டாள். "உங்க வீட்டுக்காரருக்கு காலர் எவ்வளவுக்கா வைப்பீங்க?" என்றாள். வாயைத் திறந்தேன், எண் வரவில்லை. ஊரில் உள்ளவன் கழுத்தையெல்லாம் பார்த்தவுடன் அளவு சொல்லும் எனக்கு வரவில்லை. அலுப்பு என்று நினைக்கிறேன். இதைக்கூட உங்களிடம் ஏன் சொல்கிறேன் என்று தெரியவில்லை.


மார்ச் 3

மருமகளுக்கு,

உன் கடிதம் வந்தது. பேப்பர் விஷயம் பரவாயில்லை. சீழ்க்கை பற்றி நீ எழுதியதில் ஒரு பிழை. வெறும் காற்று வருவது ஓரிடத்தில் அல்ல, இரண்டு இடத்தில். காது கொடுத்துக் கேட்டவளாக இருந்தால் தெரிந்திருக்கும்.

பல்லைக் கடிக்கிறான், அதைச் சும்மா விட்டிருக்கக் கூடாது. வயிற்றில் பூச்சி இருந்தால் அப்படித்தான். சின்ன வயதிலேயே மருந்து கொடுத்திருக்க வேண்டும். கொடுத்தேனா என்று எனக்கு நினைவில்லை.

இன்னும் இருக்கிறது என்றாயே, எழுது. அவன் கோபப்பட்டால் எப்படி இருப்பான்? உன்னிடம் கோபப்பட்டிருப்பானே, படாமல் இருந்திருக்க முடியாதே.

உன் மாமியார்


மார்ச் 20

உங்களுக்கு,

அத்தை என்று எழுதக் கை வரவில்லை.

சீழ்க்கை என்கிறீர்கள். எந்தச் சீழ்க்கை? நான் எழுதினேன் என்கிறீர்கள். எப்போது? பல்லைக் கடிக்கிறான் என்று எழுதியிருக்கிறீர்கள். கடித்தான் என்றல்ல. செத்துப்போனவர் உங்கள் வீட்டில் எப்படிப் பல்லைக் கடிக்கிறார்?

அந்த ஒரு சொல்லில் மாட்டிக்கொண்டு இரண்டு நாள் கிடந்தேன். பிறகு சட்டை மூட்டையை அவிழ்த்தேன். டேப்பை எடுத்து ஒவ்வொன்றாக அளந்தேன். இடது தோள் அரை அங்குலம் இறக்கி வெட்டியிருக்கிறது. ஒரு சட்டையில் அல்ல, எல்லாவற்றிலும். எந்தப் பைத்தியக்காரத் தையல்காரி எல்லாச் சட்டையையும் இப்படிக் கோணலாக வெட்டுவாள் என்று யோசித்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். தையல் என்னுடையது. அது மட்டும் தெரிந்தது.

அவர் எனக்கு ஏதோ செல்லப்பெயர் வைத்திருந்தார் என்று அக்கா சொல்கிறாள். நான் சொல்லிச் சொல்லிச் சிரித்தது அவளுக்கு நினைவிருக்கிறது, பெயர் நினைவில்லை. எனக்கு இரண்டும் இல்லை.

எங்கள் ஆலையில் நீராவி இஸ்திரிப் பிரிவுக்கு மாதம் ஒரு முறை ஒரு நிகரெழுத்தாளர் வந்து தகடுகளைப் புதுப்பிப்பார். அவரிடம் போய் நின்றேன். என் மணிக்கட்டில் ஒரு செப்புப் பட்டையைக் கட்டி, என் கணவரைப் பற்றி ஏதாவது ஒரு வரி எழுதச் சொன்னார். பட்டையில் நிகரெழுத்தாளர் கீறியிருந்த எண் என் கண் முன்னாலேயே தேய்ந்தது, என்னிடமிருந்து ஏதோ கழிகிறது என்று அர்த்தமாம்.

"யாருக்காச்சும் கைப்பட எழுதிக் குடுக்குறீங்களாம்மா?"

"மாமியாருக்கு லெட்டர் போடுறேன்."

"அவங்க என்ன வேலையில இருந்தாங்க?"

சொன்னேன். அவர் குடித்துக்கொண்டிருந்த டீயைக் கீழே வைத்துவிட்டார்.

கையெழுத்தில் வந்ததைக் கழிமுனையில் பதித்தால் எழுதியவளிடமிருந்து அது கழியுமாம். தகடு இருக்கிற வீட்டில் கூடுமாம். மனிதரிடமிருந்து கழிப்பது தொழிலிலேயே பெரிய குற்றம், நிகரெழுத்து வாரியத்துக்குத் தெரிந்தால் தகட்டைப் பிடுங்கிக்கொண்டு உள்ளே தள்ளிவிடுவார்கள் என்றார்.

நீங்கள் என்னைச் சீண்டினீர்கள். நான் பதிலுக்குப் பதில் எழுதினேன். எழுத எழுத நீங்கள் உருவிக்கொண்டீர்கள். இதைத் திருட்டு என்றால் திருடர்கள் கோபித்துக்கொள்வார்கள்.

திருப்பித் தாருங்கள்.


மார்ச் 28

மருமகளுக்கு,

ஆமாம், எடுத்தேன். அதற்கென்ன இப்போது?

முதலில் என்னிடமிருந்துதான் கழித்தேன். அது உனக்குத் தெரியாது. அவன் இறந்த வாரமே உட்கார்ந்து, அவன் சின்ன வயது பற்றி எனக்கு நினைவில் இருந்ததையெல்லாம் என் கையால் எழுதி, ஒரு தகட்டில் பதித்தேன். வீட்டுக்குள் பிள்ளை ஓடும் சத்தம் கேட்டது. கட்டிலுக்கு அடியில் கோலி உருண்டது. "அம்மா, இங்க பாரேன், இங்க பாரேன்" என்று குரல். கொஞ்ச நாள் அந்தச் சந்தோஷத்தில் சாப்பாடுகூட மறந்திருந்தேன். பிறகு பார்த்தால் அந்தக் குரலுக்கு முகம் இல்லை. என் தலைக்குள் தேடினேன், அங்கே ஒன்றும் இல்லை, எல்லாம் வீட்டுக்குள் போய்விட்டது. யார் வீட்டுப் பிள்ளையோ வழி தவறி வந்து ஓடுகிறது என்று தோன்ற ஆரம்பித்துவிட்டது. பயந்துபோய்த் தகட்டை உருக்கிவிட்டேன்.

எனக்கு வேண்டியது கோலி விளையாடிய பிள்ளை அல்ல. முப்பத்தெட்டு வயதில் செத்துப்போன மனுஷன். அவன் என்னிடம் இல்லை. கல்யாணமானதிலிருந்து எனக்குக் கிடைத்ததெல்லாம் ஞாயிற்றுக்கிழமை ஒரு மணி நேரம், அதிலும் பாதி நேரம் வாசலைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பான். அவன் முழுக்க உன்னிடம் இருந்தான்.

இப்போது குளியலறையில் சீழ்க்கை அடிக்கிறான். கூடத்தில் பேப்பர் படிக்கிறான். படியில் ஏறும்போது கத்திரி என்று கூப்பிடுகிறான். அது என் பெயர் இல்லை என்று தெரிந்தும் நான் போய்க் கதவைத் திறக்கிறேன்.

நீ இளையவள். உனக்கு வேலை இருக்கிறது, அக்கா இருக்கிறாள், நாளைக்கு வேறு ஒருவன் வரலாம். எனக்கு என்ன இருக்கிறது?

வாரியத்துக்கு எழுதுவதென்றால் எழுது. அவர்கள் கோப்பைப் பிரிப்பதற்குள் நான் போய்ச் சேர்ந்துவிடுவேன். எழுதாமல் இருந்தால் உன்னிடமிருந்து கழிவதும் நின்றுவிடும், ஆலைக்காரர் சொல்லியிருப்பார். ஆனால் வாயை மூடிக்கொண்டு இருக்க உனக்குத் தெரியாது. அது எனக்குத் தெரியும்.

உன் மாமியார்


ஏப்ரல் 6

உங்களுக்கு,

சரியாகச் சொன்னீர்கள். எனக்கு வாயை மூடத் தெரியாது.

நல்லதை மட்டும் எடுத்துப் பெட்டியில் வைத்துக்கொண்டால் எப்படி? மிச்சத்தையும் எடுத்துக்கொள்ளுங்கள். அவர் கோபம் எப்படி இருக்கும் என்று ஆசையாகக் கேட்டிருந்தீர்கள். கைப்பட எழுதித் தருகிறேன்.

அவர் கத்த மாட்டார். பேச்சை நிறுத்திவிடுவார். ஒரு வாரம், பத்து நாள். நான் வைத்த தட்டை எடுத்துக்கொண்டு போய் ஜன்னலோரம் நின்றுகொண்டே சாப்பிடுவார். அப்படி அவர் மௌனமான ஒவ்வொரு முறையும் அதற்கு முந்தைய நாள் உங்களிடமிருந்து ஃபோன் வந்திருக்கும்.

வேறு ஊருக்கு மாற்றல் கேட்டு மனு கொடுத்துவிட்டேன் என்று என்னிடம் சொன்னார். ஒரு வருஷம் காத்திருந்தேன். அவர் பையைத் துவைக்கப் போட்டபோது அந்த மனு உள்ளே நாலாக மடித்து இருந்தது. "அம்மா தனியா இருக்காங்கல்ல" என்றார். அவ்வளவுதான் சொன்னார்.

இப்போது உங்களுக்குத் தெரியாத ஒன்று. மூன்றாவது வருஷம் நான் கர்ப்பமாக இருந்தேன். மூன்று மாதம் முடியட்டும், அப்புறம் உங்களிடம் சொல்லலாம் என்று இருந்தோம். ஒரு வியாழக்கிழமை எனக்கு ரத்தம் போக ஆரம்பித்தது. ஆஸ்பத்திரியில் என்னைச் சேர்த்துவிட்டுக் கட்டிலருகே உட்கார்ந்திருந்தார். உங்கள் ஃபோன் வந்தது. தலை சுற்றுகிறது, கண் இருட்டுகிறது, உடனே வா என்றீர்கள். என் கையை விட்டுவிட்டு ஓடினார். நீங்கள் கூடத்தில் உட்கார்ந்து ரேடியோ கேட்டுக்கொண்டிருந்தீர்களாம். கதவுக் கீல் கிறீச்சிடுகிறது, எண்ணெய் போட்டுவிட்டுப் போ என்றீர்களாம். போட்டிருக்கிறார். அவர் திரும்பி வந்தபோது குழந்தை இல்லை.

வீட்டுக்கு வந்த அன்று சாயங்காலம் குழாயடியில் நின்று ரொம்ப நேரம் முகம் கழுவினார். கண்ணாடியில் என்னைப் பார்த்துச் சொன்னார். அவர் சொன்னபடியே எழுதுகிறேன்:

"அந்தம்மா உயிரோட இருக்கிற வரைக்கும் நான் ஆம்பளையும் இல்ல, மனுஷனும் இல்ல. அவங்க செத்தாத்தான் நான் மூச்சு விடுவேன்."

பதியுங்கள். நன்றாக அழுத்திப் பதியுங்கள். அதையும் அவர் குரலிலேயே கேளுங்கள்.


ஏப்ரல் 25

மருமகளுக்கு,

நீ பொய் சொல்கிறாய் என்று நிரூபிக்கத்தான் பதித்தேன். பொய்யைத் தகடு பிடிக்காது. பொய்க்கு எண் விழாது, பூஜ்யம்தான் வரும். சீழ்க்கைக்கு நாற்பத்தொன்று விழுந்தது. கத்திரிக்கு எழுபது. நீ கடைசியாக எழுதிய அவன் வரிக்கு எண் பார்த்தேன். என்ன விழுந்தது என்று உனக்கு எழுத மாட்டேன். தகட்டில் அதைவிடப் பெரிய எண் இல்லை.

சாயங்காலமானால் குழாயடியில் சொல்கிறான். சீழ்க்கையெல்லாம் எப்போதோ ஒரு நாள் கேட்கும். இது தவறுவதே இல்லை. நான் குழாயை முழுக்கத் திறந்துவிடுகிறேன், வாளியில் தண்ணீர் விழும் சத்தத்தையும் தாண்டிக் கேட்கிறது. கோபமாகச் சொல்லவில்லை. கோபமாகச் சொல்லியிருந்தால் தாங்கிக்கொள்வேன்.

குழந்தை இருந்ததா? எனக்கு ஏன் ஒருவரும் சொல்லவில்லை? ஃபோனில் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் கூப்பிட்டிருப்பேனா? அன்று எனக்குத் தலை சுற்றியது உண்மை. அவன் வந்ததும் நின்றுவிட்டது, அதற்கு நான் என்ன செய்ய?

ஒரே ஒரு வரி எழுது. அவன் அதற்குப் பிறகு எப்போதாவது அதை மாற்றிச் சொன்னானா? கோபத்தில் சொன்னேன், மனதில் வைத்துக்கொள்ளாதே என்று எப்போதாவது உன்னிடம் சொன்னானா? சொல்லியிருப்பான். யோசித்து எழுது.


மே 2

மதிப்பிற்குரிய அம்மா அவர்களுக்கு,

தங்கள் கடிதம் கிடைத்தது. தாங்கள் கேட்டிருப்பது எதைப் பற்றி என்று எனக்குப் புரியவில்லை. நான் ஏதோ எழுதியிருக்கிறேன் என்று தெரிகிறது. தங்களைப் புண்படுத்தும்படி எழுதியிருந்தால் மன்னிக்கவும்.

எனக்கு உடல்நலம் நன்றாக இருக்கிறது. தூக்கம் வருகிறது. அக்கா வீட்டுச் சுவரில் என் கணவரின் படம் இருக்கிறது. நல்ல முகம். ஆலையில் யாராவது அவரைப் பற்றிப் பேசி வருத்தப்பட்டால் எனக்குத்தான் சங்கடமாக இருக்கிறது, வேறு ஒருவருக்கு வந்த அனுதாபத்தை வாங்கிக்கொள்வது போல. ஒரு முறை ஆஸ்பத்திரியில் இருந்தது நினைவிருக்கிறது. பச்சைத் திரை, இரும்புக் கட்டில். குழந்தை போனது தெரியும். கட்டிலருகே ஒரு ஸ்டூல் இருந்தது. அதில் யார் உட்கார்ந்திருந்தார்கள் என்று தெரியவில்லை.

தங்கள்மேல் எனக்குக் கோபம் இருந்ததாக அக்கா சொல்கிறாள். "மாமியாரா அவ? பேயி" என்று நான் தினமும் சொல்வேனாம். யோசித்துப் பார்த்தேன். எனக்கு ஒன்றும் தோன்றவில்லை. இப்படி ஒன்றும் தோன்றாமல் இருப்பதுதான் கொஞ்சம் பயமாக இருக்கிறது.

நாம் எதற்காகச் சண்டை போட்டோம் என்று தங்களுக்குத் தெரிந்தால் எழுதவும்.


மே 9

மருமகளுக்கு,

உன் கடிதத்தை இரண்டு முறைதான் படித்தேன், மூன்றாம் முறை படிக்க முடியவில்லை. மின்சார ஆபீஸிலிருந்து வரும் கடிதத்தில்கூட இதைவிட உயிர் இருக்கும். அம்மா அவர்களாம். தாங்களாம். என்னைப் பேய் என்று சொல்லிக்கொண்டிருந்தவள் எங்கே போனாள்?

எனக்கு அவள்தான் வேண்டும். அவளைத்தான் எனக்குப் பிடிக்காது. உன்னைப் பிடிக்காமல் இருக்கக்கூட எனக்கு ஒரு காரணம் கிடைக்கவில்லை, அப்படி வழவழவென்று எழுதியிருக்கிறாய். இந்த உலகத்தில் என் மகனுக்காக என்னோடு மல்லுக்கு நின்றது நீ ஒருத்திதான். நீயும் நல்ல முகம் என்று சொல்லிவிட்டுப் போனால், அவன் இருந்தான் என்பதற்கு யார் சாட்சி? சுவருக்குள் பேசும் சத்தமா?

அதனால் தகட்டைத் திருப்பப் போகிறேன். திருப்பினால் கூட்டுமுனை கழிமுனையாகும், இங்கே இருப்பது அங்கே வரும். உனக்காகச் செய்கிறேன் என்று நினைத்துக்கொள்ளாதே. மன்னிப்பும் கேட்கவில்லை. உன்னிடம் கேட்டு எனக்கு ஆகப்போவது ஒன்றுமில்லை. என்னிடமிருந்து நான் கழித்தது உருகிப்போய்விட்டது, அது திரும்பாது. பெற்று வளர்த்தேன் என்று மற்றவர்கள் சொல்லித்தான் எனக்கே தெரிகிறது.

அடுத்த சனிக்கிழமை மதியம் திருப்புவேன். அன்று ஆலைக்குப் போகாதே. கையில் கத்திரிக்கோல் வைத்துக்கொண்டு நிற்காதே. அடுப்புப் பக்கம் போகாதே. படியில் ஏறாதே. மொத்தமாக வரும். தரையில் உட்கார்ந்துகொள், அக்காவைப் பக்கத்தில் இருக்கச் சொல். ஏதாவது ஆகி அந்தப் பழியும் எனக்கு வர வேண்டாம்.

உன் மாமியார்


மே 18

அத்தைக்கு,

வந்தது.

நீங்கள் சொன்னீர்கள் என்பதற்காகவே தரையில் உட்காரக் கூடாது என்று நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன். நாற்காலியோடு சரிந்தேன். அக்கா தண்ணீர் தெளித்தாள். சாயங்காலம் வரை சிரித்தேன், அழுதேன், எது எது என்று எனக்கே தெரியவில்லை. எழுந்ததும் முதல் வேலையாகச் சட்டைகளை எடுத்துத் தோளைத் தடவிப் பார்த்தேன். அவர் தோள்தான்.

கோபமும் வந்துவிட்டது, சந்தோஷப்படுங்கள். அந்த மனு, அந்த ஜன்னலோரம், அந்த ஸ்டூல், எல்லாம் அதனதன் இடத்தில் வந்து உட்கார்ந்துவிட்டன. நீங்கள் செய்ததை நான் மறக்க மாட்டேன். ரேடியோவையும் மறக்க மாட்டேன், தகட்டையும் மறக்க மாட்டேன். திருப்பிக் கொடுத்ததால் திருடியது இல்லையென்று ஆகிவிடாது. வாரியத்துக்கு எழுதிய மனு என் மேஜைமேல் இருக்கிறது. அனுப்புவதா வேண்டாமா என்று நான்தான் முடிவு செய்வேன், நீங்கள் அல்ல.

ஆனால் ஒரு இடத்தில் துணி கிழிந்திருக்கிறது. ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு வந்த அன்று சாயங்காலம். குழாயடியில் நிற்கிறார். முகத்தில் தண்ணீர் வழிகிறது. கண்ணாடியில் என்னைப் பார்க்கிறார். வாய் அசைகிறது. சத்தம் இல்லை. எத்தனை முறை நினைத்துப் பார்த்தாலும் வாய் மட்டும்தான் அசைகிறது. பிறகு துண்டை எடுத்து முகத்தை மூடிக்கொள்கிறார், தோள் குலுங்குகிறது.

என்ன சொன்னார்? அதை ஏன் வைத்துக்கொண்டீர்கள்? அது என்னுடையது. அனுப்புங்கள்.


மே 26

மருமகளுக்கு,

திருப்புவதற்கு முன்னால் அந்த ஒரு வரியை மட்டும் ரம்பம் வைத்துத் தகட்டிலிருந்து தனித் துண்டாக அறுத்து எடுத்து வைத்துக்கொண்டேன். அனுப்ப மாட்டேன். வாரியமே வந்து கேட்டாலும் தர மாட்டேன்.

அவன் உன்னைப் பார்த்துச் சொன்னான், ஆனால் அது உனக்குச் சொன்னதல்ல. போய்ச் சேர வேண்டிய இடத்துக்கு வந்து சேர்ந்துவிட்டது. அது இல்லாமலே அவனை நீ வைத்துக்கொள், அதுதான் உனக்கு நல்லது. இதற்குமேல் கேட்காதே.

வீடு அடங்கிவிட்டது. குளியலறையில் ஒன்றுமில்லை, படியில் ஒன்றுமில்லை. சாயங்காலம் நாற்காலியைக் குழாயடிக்குப் பக்கத்தில் இழுத்துப் போட்டு உட்கார்ந்துகொள்கிறேன். இப்போது தண்ணீரைத் திறந்துவிடுவதில்லை. அவன் குரல் என்று எனக்கு மிச்சம் இருப்பது அது ஒன்றுதான்.

உன் மாமியார்